பராக்கும் ப்ரத்யக்கும்: புறம், அகம் என்னும் சொற்களின் ஸித்தாந்தப் பொருள்

போடிநாயக்கனூரில் ஏலக்காய் விலைக்கு வரும்போது அதன் தரம் இருமுறை பார்க்கப்படுகிறது. முதலில் தோலின் பசுமையும் காயின் பருமனும் நோக்கப்படும். பிறகு ஒரு காயைப் பிளந்து, மூன்று அறைகளில் அடுங்கியிருக்கும் விதைகளின் கருமையையும் மணத்தையும் நோக்குவர். மணத்துக்குக் காரணமான எண்ணெய் விதையிலே இருக்கிறது. தோலில் இருப்பது மிகச் சிறிது. ஆகவே வெளியே இருப்பது தோல், உள்ளே இருப்பதே பொருள் என்பது அவ்வூரார்க்கு யாரும் சொல்லித்தர வேண்டாத பாடம்.

இதே பாடத்தைச் சமயத்துக்கும் ஏற்றிச் சொல்லும் வழக்கம் ஒன்று உண்டு. திருக்கோயிலுக்குச் செல்வதும் திருவிளக்கு ஏற்றுவதும் தீர்த்தம் ப்ரஸாதம் பெறுவதும் புறம். கண்ணை மூடி உள்ளே நோக்குவது அகம். புறம் தொடக்க நிலையினர்க்கு, அகம் முதிர்ந்தோர்க்கு என்று அது பிரித்துக் காட்டும். கேட்பதற்கு இது உயர்ந்த வார்த்தையாகவே தோன்றும். ஆனால் விடியுமுன் போடியிலிருந்து ஜீப்பில் ஏறி, 17 கொண்டையூசி வளைவுகளைக் கடந்து, போடிமெட்டுக்கு அப்பால் உள்ள ஏலத் தோட்டங்களில் காய் எடுத்து, பொழுது சாயும் வேளையில் மலையிறங்கும் ஒருவருக்கு யோகாப்யாஸத்துக்கான தனியிடமும் இல்லை, ஓய்வும் இல்லை. புரட்டாசிச் சனிக்கிழமையில் ஸ்ரீநிவாஸப் பெருமாள் ஸந்நிதியில் சிறிதுபொழுது நிற்பதே அவருக்கு வாய்த்தது. அந்தப் பிரிவு மெய்யானால், அவருடைய பக்தி என்றும் தோலளவிலே நிற்பதாகிவிடும். பூர்வாசார்யர்கள் இதை ஒப்புகின்றனரா என்பது ஆராயத்தக்கது. அதற்கு முதலில் புறம், அகம் என்னும் சொற்களுக்கு ஸித்தாந்தம் கூறும் பொருளை அறிய வேண்டும்.

சொல்லும் இலக்கணமும்

வேதாந்த நூல்களில் இவ்விரண்டுக்கும் உரிய சொற்கள் 'பராக்', 'ப்ரத்யக்' என்பவை. இரண்டும் செல்லுதல், திரும்புதல் என்னும் பொருளுடைய 'அஞ்ச்' என்னும் தாதுவிலிருந்து வந்தவை. 'பரா' என்னும் உபஸர்க்கம் சேர்ந்தால் அப்பால் திரும்பியது. 'ப்ரதி' சேர்ந்தால் தன்பால் திரும்பியது. பராங்முகம் என்னும் சொல்லும் இவ்வழியில் வந்ததே. கிழக்கு நோக்கி நிற்பவனுக்குப் பின்புறமாகிய மேற்கையும் ப்ரத்யக் என்பர். போடியில் கதிரவனை நோக்கி அனுஷ்டானம் செய்பவருக்கு ஏலமலை அந்த ப்ரத்யக் திசையிலே, முதுகுக்குப் பின்னே நிற்கிறது. காணாத பக்கத்தில் இருந்தாலும் அந்நிலத்துக்கு நீர் தருவது அம்மலையே.

சொல் திசையைக் காட்டினாலும், ஸித்தாந்தத்தில் இவை திசையையோ இடத்தையோ குறிப்பனவல்ல. விளங்குவது யாருக்கு என்பதே இங்குக் கேள்வி. ஒரு பொருள் தனக்குத் தானே விளங்குமாகில் அது ப்ரத்யக். பிறருக்கே விளங்கி, தனக்கு விளங்காதாகில் அது பராக். யதீந்த்ரமத தீபிகை த்ரவ்யங்களை ஆறாக வகுக்கிறது. ப்ரக்ருதி, காலம் என்னும் இரண்டும் ஜடம். நித்யவிபூதி, தர்மபூதஜ்ஞானம், ஜீவன், ஈச்வரன் என்னும் நான்கும் அஜடம், அதாவது தாமே ஒளிர்பவை. இந்த நான்கில் முன்னிரண்டும் பராக், பின்னிரண்டும் ப்ரத்யக். ஸ்வாமி வேதாந்த தேசிகன் (1268–1369) அருளிய ந்யாயஸித்தாஞ்ஜனமும் இந்த ஆறு த்ரவ்யங்களையே விரித்து ஆராய்கிறது. தாமே ஒளிராத ஜடப்பொருள்கள் பிறருக்கு மட்டுமே தோன்றுவதால், பொதுவகையில் அவையும் பராக்கே.

இந்த இலக்கணத்தை ஏலக்காயில் வைத்துப் பார்த்தால், சந்தையில் கற்ற பாடம் நில்லாமற்போகிறது. தோல் தனக்குத் தோன்றுவதில்லை, பிளப்பவருக்குத் தோன்றுகிறது. உள்ளிருக்கும் விதையும் தனக்குத் தோன்றுவதில்லை. விதையைப் பிளந்து அதனுள்ளே நோக்கினும் காண்பது மற்றொரு பராக்கே. இவ்வாறு எத்தனை முறை பிளந்தாலும் உள்ளே, இன்னும் உள்ளே என்று இடம் மாறுமேயன்றி, ப்ரத்யக் அங்கே அகப்படாது. அது காயைப் பிளந்து முகர்ந்து, 'நான் இம்மணத்தை அறிகிறேன்' என்கிறவனிடத்தில் 'நான்' என்று விளங்குவது. ஆகவே உள்ளே இருப்பது வேறு, அகமாயிருப்பது வேறு. உடலுக்குள்ளே இருக்கும் இதயமும் மூச்சும் மனமும் இந்த வகையில் புறமே. கண்ணை மூடியதாலேயே ஒருவன் அகத்தை அடைந்தவனாகான். மூடிய கண்ணுக்குள் தோன்றும் நினைவும் கனவும் பராக்கிலே சேரும்.

வியப்பான இரண்டு முடிவுகள்

இந்த இலக்கணத்திலிருந்து இரண்டு முடிவுகள் பிறக்கின்றன. முதலாவது, நித்யவிபூதி பராக் என்பது. திருமாமணி மண்டபமும் நித்யஸூரிகளின் திருமேனிகளும் எம்பெருமானுடைய திவ்யமங்கள விக்ரஹமும் சுத்தஸத்த்வமயமானவை. அந்தச் சுத்தஸத்த்வத்தைச் சிலர் ஜடம் என்பர், சிலர் அஜடம் என்பர் என்று பிள்ளை லோகாசார்யர் தத்த்வத்ரயத்தில் இரு பக்ஷங்களையும் காட்டியருளினார். எந்தப் பக்ஷத்தைக் கொண்டாலும் அது தனக்காக ஒளிர்வதன்று. ஈச்வரனுக்கும் நித்யர்க்கும் முக்தர்க்கும் ஒளிர்வது. எனவே பராக் என்பது இழிவைக் குறிக்கும் சொல்லாக இருக்க முடியாது. புறம் ஆதலால் தாழ்ந்தது என்றால், பரமபதமும் தாழ்ந்ததாகிவிடும். எம்பெருமான் திருமேனியையும் தோல் என்று கழிக்க நேரும். இதை எந்த ஸ்ரீவைஷ்ணவனும் ஒப்பான்.

இரண்டாவது, ஜீவனுடைய அறிவும் பராக் என்பது. தர்மபூதஜ்ஞானம் பொருள்களை விளக்கும்போது தானும் ஒளிர்கிறது. ஆனால் தனக்காக அன்று, தனக்கு ஆச்ரயமான ஆத்மாவுக்காக. இலக்கணத்தில் சொன்ன 'பிறர்' என்பது வேறொரு மனிதரைக் குறிப்பதன்று. ஜ்ஞானத்துக்குத் தன்னின் வேறான ஆத்மாவே இங்குப் பிறர். பகல் முழுதும் காய் எடுத்துக் களைத்தவர் கனவற்று உறங்குகையில் அந்த ஜ்ஞானம் சுருங்கி, எதையும் விளக்காதிருக்கிறது. அப்போதும் 'நான்' என்னும் விளக்கம் அணைவதில்லை. விழித்தபின் 'சுகமாய் உறங்கினேன்' என்று நினைப்பதே அதற்குச் சான்று என்று எம்பெருமானார் (1017–1137) ஸ்ரீபாஷ்யத்தில் நிலைநாட்டியருளினார்.

இந்த ஜ்ஞானத்துக்கும் ஆத்மாவுக்கும் உள்ள உறவை ப்ரஹ்மஸூத்ரம் இரண்டு உவமைகளால் விளக்குகிறது. இரண்டாம் அத்யாயம் மூன்றாம் பாதத்தில், ஆத்மா ஜ்ஞாதா என்று நிறுவும் இடத்தில், ஒளி ஓர் உவமை, மணம் மற்றோர் உவமை. மணி ஓரிடத்தில் இருந்தாலும் அதன் ஒளி பல இடங்களிலே பரவுவதுபோல, அணுவான ஆத்மா தன் ஜ்ஞானத்தாலே உடல் முழுதும் பரவுகிறது. நிலத்தின் குணமாக அறியப்படும் மணம் நிலத்தின் வேறாவதுபோல, அறிபவனுடைய குணமாக அறியப்படும் ஜ்ஞானம் அறிபவனின் வேறாகிறது. ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோரின் வழியே செல்பவர், காயைக் காணுமுன்னே மணத்தை அறிவர். மணம் வெளிப்பட்டதனால் காய்க்குக் குறைவில்லை. வெளிப்படாத மணத்தைக் கொண்டு யாருக்கும் பயனுமில்லை. ஜ்ஞானம் வெளியே செல்வதும் ஆத்மாவுக்குக் குற்றமன்று. பரவுவது அதன் இயல்பு. கர்மத்தாலே அது சுருங்கிக் கிடப்பதே ஸம்ஸாரம். தடையின்றி முழுதும் விரிவதே மோக்ஷம். புறம் நோக்குதல்தானே தோஷமானால், மோக்ஷத்தில் ஜ்ஞானம் விரிவது என்பதற்குப் பொருளே இராது.

உள்நோக்கின் அருமை

அப்படியாயின், உள்ளே நோக்கு என்று சாஸ்த்ரங்கள் விதித்தது ஏன் என்னும் கேள்வி எழும். கடோபநிஷத்து இந்த்ரியங்களின் வாயில்கள் வெளிநோக்கித் துளைக்கப்பட்டன என்றும், அதனாலே மனிதன் வெளியைக் காண்கிறான் என்றும், அழியாமையை விரும்பிய தீரன் ஒருவனே கண்ணைத் திருப்பி ப்ரத்யகாத்மாவைக் கண்டான் என்றும் கூறுகிறது. இங்குப் பழிக்கப்படுவது வாயிலன்று. வாயில் வழியே சென்ற ஜ்ஞானம், சென்ற இடத்திலே தங்கி, தன்னை உடையவனை மறந்ததே பழிக்கப்படுகிறது. உடலை 'நான்' என்று கொள்வதும், தோட்டத்தையும் விளைவையும் 'எனது' என்று கொள்வதும் இவ்வகை மறதியே. பராக்கை ப்ரத்யக் என்று மயங்குவதே தோஷம். பராக்காய் இருப்பது தோஷமன்று.

இந்த மயக்கம் தீர ஆத்மஜ்ஞானம் வேண்டும். ஆனால் அதை அடையும் வழியிலே ஒரு முடிச்சு இருக்கிறது. கீதாபாஷ்யத்தில், இரண்டாம் அத்யாயத்தில் ஸ்தித ப்ரஜ்ஞனைப் பற்றிச் சொல்லும் இடத்தில், எம்பெருமானார் அம்முடிச்சை வெளிப்படையாகவே காட்டுகிறார். ஆத்மாவைக் கண்டாலன்றி விஷயங்களில் ஆசை அறாது. ஆசை அறாதபோது, முயல்கிறவனுடைய மனத்தையும் இந்த்ரியங்கள் வலிய இழுத்துச் செல்லும். இந்த்ரியங்களை வென்றாலன்றி ஆத்மாவைக் காண முடியாது. ஆத்மாவைக் கண்டாலன்றி இந்த்ரியங்களை வெல்ல முடியாது. ஒன்றையொன்று பற்றி நிற்கும் இவ்வட்டத்தில், உள்ளேயே முயன்றுகொண்டிருப்பவனுக்கு நுழைவாயில் இல்லை.

61ஆம் ச்லோகத்தின் பாஷ்யத்திலே முடிச்சு அவிழ்கிறது. மனத்துக்குச் சுபாச்ரயமான எம்பெருமானிடத்தில் மனத்தை வைப்பதே வழி. சுபாச்ரயம் என்றால், மனம் பற்றுவதற்கு எளிதாகவும் பற்றியவனைத் தூய்மையாக்குவதாகவும் இருக்கும் இலக்கு. அவனிடத்தில் வைத்த மனம் அழுக்கு நீங்கி, விஷயங்களில் ஆசையற்று, இந்த்ரியங்களைத் தன்வசம் ஆக்குகிறது. ஆகவே உள்ளே திரும்ப வேண்டிய மனம், தன் பலத்தாலே திரும்புவதில்லை. தன்னின் வேறான ஒருவனைப் பற்றியே தன்னிடம் திரும்புகிறது. அகத்தை அடைவதற்கான வழி, அவனை நோக்கிய புறநோக்கிலே தொடங்குகிறது.

உள்நோக்கின் எல்லை

உள்நோக்கு கைகூடினாலும் அது முடிந்த பயன் ஆகுமா என்பது அடுத்த கேள்வி. உடலின் வேறாகிய ஆத்மாவைத் தனியே அனுபவிப்பதற்குக் கைவல்யம் என்று பெயர். அகத்துக்குள் அகமாக ஒடுங்கி நிற்கும் நிலை அது. அகமே உயர்வின் எல்லை என்றால், கைவல்யமே பரமபுருஷார்த்தம் ஆகவேண்டும். பூர்வாசார்யர்கள் ஒருவரும் அவ்வாறு கொள்ளவில்லை. கைவல்யம் பெற்றவனுக்குப் பின்னர் பகவத் ப்ராப்தி உண்டா என்பதில் தேசிக ஸம்ப்ரதாயத்துக்கும் பிள்ளை லோகாசார்ய ஸம்ப்ரதாயத்துக்கும் கருத்து வேறுபாடு உண்டு. ஆனால் பகவதனுபவத்துக்கு முன் அது மிகத் தாழ்ந்தது என்பதில் இருவருக்கும் வேறுபாடு இல்லை. திருவாய்மொழியில் நான்காம் பத்தின் முதல் பதிகம் செல்வத்தின் நிலையாமையைச் சொல்லிவந்து, முடிவில் கைவல்யத்தின் தாழ்வையும் காட்டுகிறது என்பது வ்யாக்யாதாக்களின் நிர்வாஹம். அரச போகம் புறத்தின் எல்லை. கைவல்யம் அகத்தின் எல்லை. ஆழ்வார் இரண்டையும் ஒரே பதிகத்தில் கழித்து, திருவடிகளைக் காட்டினார்.

ஆழ்வாருடைய அனுபவமே இதற்கு மேலான ப்ரமாணம். நம்பிள்ளையின் ஈடு முப்பத்தாறாயிரப்படியில், பதிகங்களின் அவதாரிகைகளிலே இரண்டு சொற்கள் எதிரெதிராக வருகின்றன. ஒன்று மானஸானுபவம், மற்றொன்று பாஹ்ய ஸம்ச்லேஷம். எம்பெருமான் ஆழ்வாருடைய திருவுள்ளத்தில் கண்கூடாகவே விளங்குகிறான். அந்த அனுபவம் மிகத் தெளிவாயிருப்பதால், அதைப் புறத்தே நிகழ்வதாகக் கொண்டு ஆழ்வார் அணைக்கத் தேடுகிறார். கைக்கு எட்டாமையாலே கலங்குகிறார். அக்கலக்கத்திலே நாயகியின் நிலையை அடைந்து, பறவைகளைத் தூது விடுகிறார்.

உள்ளத்தில் முழுதும் பெற்ற ஒருவர், வெளியே காணவில்லை என்று அழுவது எதற்காக? அகமே போதுமானதாயின் அந்த அழுகைக்கு இடமில்லை. மூன்றாம் பத்து எட்டாம் பதிகத்தில் ஆழ்வாருடைய இந்த்ரியங்களும் அவரைப் போலவே தனித்தனியே தாகம் கொள்கின்றன. ஓர் இந்த்ரியம் மற்றோர் இந்த்ரியத்தின் தொழிலையும் தானே செய்ய ஆசைப்படுகிறது. உபநிஷத்தில் வெளிநோக்கித் துளைக்கப்பட்டன என்று சொல்லப்பட்ட அதே வாயில்கள் இங்கே அடைக்கப்படவில்லை. அவனைக் காணும் வாயில்களாயின. இந்த்ரியங்களை அடக்குவது ஒரு நிலை. அவை அவனையே விரும்பிப் பதறுவது அதற்கும் மேற்பட்ட நிலை.

நீரும் தாகமும்

பிள்ளை லோகாசார்யர் ஸ்ரீவசனபூஷணத்தில் எம்பெருமானுடைய ஐந்து நிலைகளையும் நீருக்கு ஒப்பிட்டருளினார். அண்டத்துக்குப் புறம்பே சூழ்ந்த நீர் போன்றது பரத்வம். பாற்கடல் போன்றது வ்யூஹம். பெருகியோடும் ஆறு போன்றவை விபவங்கள். அந்த ஆற்று நீர் தேங்கிய மடுக்கள் போன்றது அர்ச்சாவதாரம். நிலத்தின் அடியிலே உள்ள நீர் போன்றது அந்தர்யாமித்வம். மணவாள மாமுனிகளின் (1370–1443) வ்யாக்யானம், தாகமுற்றவன் ஒவ்வொன்றையும் அடைவதிலுள்ள அருமையையும் எளிமையையும் காட்டி இதை விளக்குகிறது.

போடிநாயக்கனூரில் இவ்வுவமையைக் கண்ணாலேயே காணலாம். குரங்கணி மலைகளிலிருந்து இறங்கும் கொட்டக்குடி ஆறு, மழைக்காலத்தில் கரைபுரண்டு வரும். வெள்ளம் வரும் நாளில் கரையில் நின்றவருக்கே அது வாய்க்கும். பிற்பட்டு வந்தவருக்கு மணலே மிஞ்சும். திருவயோத்தியிலும் திருவாய்ப்பாடியிலும் அன்று வாழ்ந்தவர்க்கே விபவம் வாய்த்ததுபோல் இது. ஆறு வற்றிய பின்னும் கண்மாய்களில் நீர் நிற்கிறது. ஆடும் மாடும் குழந்தைகளும் குனிந்தால் எட்டும்படி நிற்கிறது. நிலத்தடி நீரோ எல்லாவற்றிலும் அண்மையானது. தாகத்தோடு நிற்பவனுடைய காலுக்குக் கீழேயே இருக்கிறது. ஆயினும் மண்வெட்டியும் கடப்பாரையும் ஆளும் நாளும் இன்றி அது நாவை நனைக்காது.

இங்கே அகம், புறம் என்னும் கணக்கு தலைகீழாகிறது. ஐந்து நிலைகளில் மிகவும் அகமானவன் அந்தர்யாமி. அவனை அடையக் கருவியும் முயற்சியும் வேண்டும். ஊர் நடுவே, உலோகத்திலும் கல்லிலும் திருமேனி கொண்டு, அர்ச்சகர் நீராட்ட நீராடி, தளிகை ஸமர்ப்பித்தபோது அமுது செய்து, மிகவும் புறமாய் நிற்பவன் அர்ச்சாவதாரம். அவனை அடைய வந்து நின்றால் போதும். இந்தப் புறம், அகத்துக்கு ஏறும் முதற்படியன்று. அகத்திலே இருப்பவனே, தோண்டத் தெரியாதவனுக்காகத் தன்னைப் புறமாக்கிக்கொண்ட நிலை அது. ஸௌலப்யத்தின் எல்லை என்று ஆசார்யர்கள் அர்ச்சையைக் கொண்டாடியது இதனாலே.

ஏலக்காயிலும் இதற்கு ஒரு குறிப்பு உண்டு. தோலை நீக்கி விதையை மட்டும் வைத்திருந்தால் மணம் விரைவிலே குன்றிவிடும். தோலோடு வைத்த காய் மணத்தை நெடுநாள் காக்கும். மணமில்லாத தோலே மணத்தைக் காக்கிறது. பெருமாள் தீர்த்தத்தில் பச்சைக் கற்பூரத்தோடும் லவங்கத்தோடும் ஏலத்தைச் சேர்ப்பவர், தோலோடு காத்துவந்த காயைத்தான் இடிக்கிறார். புறத்தைத் தோல் என்று சொல்பவர் உவமையைப் பாதியிலே நிறுத்திவிட்டனர்.

நான்காம் வேற்றுமை இரண்டு

இவ்விடத்தில் ஒரு பூர்வபக்ஷம் எழுகிறது. ஆத்மா எம்பெருமானுக்கே சேஷப்பட்டது என்பது ஸித்தாந்தம். பிறனுக்கு மேன்மை விளைப்பதையே தன் ஸ்வரூபமாக உடையது சேஷம் என்று வேதார்த்தஸங்க்ரஹத்தில் எம்பெருமானார் இலக்கணம் வகுத்தருளினார். பிறனுக்கே ஆகியிருப்பது ஆத்மாவின் ஸ்வரூபமானால், பிறருக்கே விளங்குவதாகச் சொன்ன பராக்கில் அதுவும் சேர்ந்துவிடாதா? சந்தனத்துக்கும் பூவுக்கும் உள்ள நிலைதானே ஜீவனுக்கும் வரும்?

ஸமாதானம் இலக்கணத்தின் உள்ளேயே இருக்கிறது. பராக், ப்ரத்யக் என்னும் பிரிவு விளங்குவதைப் பற்றியது. சேஷத்வம் பயனைப் பற்றியது. 'யாருக்கு விளங்குகிறது' என்பதும் 'யாருக்கு ஆகியிருக்கிறது' என்பதும் வெவ்வேறு கேள்விகள். இரண்டிலும் வருவது நான்காம் வேற்றுமை. தமிழில் 'கு' உருபு. ஆத்மா தனக்கு விளங்குகிறது, அவனுக்கு ஆகியிருக்கிறது. பராக்குக்குச் சொன்ன இலக்கணத்தில் 'பிறருக்கே' என்ற ஏகாரம் உண்டு என்பதும் நோக்கத்தக்கது. பிறருக்கு விளங்குவதோடு தனக்கும் விளங்குவது ப்ரத்யக்கே. ஆகையால் பிறனால் அறியப்படுவதும் பிறனுக்கு ஆவதும் ப்ரத்யக்த்வத்தைக் குலைக்கமாட்டா.

ப்ரணவத்தின் அமைப்பே இதற்குச் சான்று. அகாரம் எம்பெருமானைச் சொல்ல, அதன்மேல் ஏறி மறைந்த நான்காம் வேற்றுமை சேஷத்வத்தைச் சொல்லுகிறது. உகாரம் 'அவனுக்கே' என்னும் ஏகாரப் பொருளைத் தருகிறது. மகாரம் ஜ்ஞானத்தை உடைய ஆத்மாவைச் சொல்லுகிறது. 'நான்' என்று தனக்கு விளங்கும் ப்ரத்யக்கைச் சொல்லும் எழுத்து கடைசியிலே வருகிறது. 'அவனுக்கு' என்பது முதலிலேயே வந்துவிடுகிறது. ஜ்ஞானத்தைக் காட்டிலும் சேஷத்வமே ஆத்மாவுக்கு அந்தரங்கமான அடையாளம் என்று முமுக்ஷுப்படி இம்முறையைக் கொண்டு நிர்வஹிக்கிறது. அதாவது, ஆத்மாவின் அகத்தைத் தேடிச் சென்றவன் முடிவிலே காண்பது 'எனக்கு' என்பதையன்று, 'அவனுக்கு' என்பதை. உள்நோக்கு தன்னிடத்திலே முடிவதில்லை. தன்னைத் தாண்டிய ஒருவனிடத்திலே கொண்டு சேர்க்கிறது. கைவல்யம் தாழ்ந்ததற்குக் காரணமும் இதுவே. அது உள்ளே சென்றதனால் தாழ்ந்ததன்று. உள்ளே சென்றும் 'அவனுக்கு' என்பதைக் காணாமல் நின்றதனால் தாழ்ந்தது.

படியும் பார்வையும்

சந்தனமும் பூவும் போல அவனுக்கே ஆகியிருப்பதும், சந்தனத்துக்கும் பூவுக்கும் இல்லாத அறிவோடு இருப்பதும் எவ்வாறு ஒன்றாகக் கூடும் என்பதைக் குலசேகராழ்வார் காட்டியருளினார். திருவேங்கடமுடையான் ஸந்நிதியிலே, அடியார்கள் கால் வைத்து ஏறும் படியாகக் கிடக்கவேண்டும் என்றும், அப்படிக் கிடந்தபடியே அவன் திருப்பவளத்தைக் காணவேண்டும் என்றும் அவர் வேண்டினார். படி அசேதனம், தனக்கு விளங்காதது, முற்றிலும் பராக். காண்பது சேதனனுக்கே உரியது, ப்ரத்யக்கின் தொழில். அசித்தைப் போன்ற பாரதந்த்ர்யமும் சேதனனுக்கே உரிய அனுபவமும் இங்கு ஒன்றாயின என்று ஸம்ப்ரதாயம் இதை அனுஸந்திக்கிறது. தன்னைப் படியாக்கிக்கொள்வதால் 'எனக்கு' என்பது கழிகிறது. காண்பதால் 'நான்' என்பது நிலைநிற்கிறது. அவன் உகப்பைக் கண்டு உகக்க ஒருவன் வேண்டும். உகப்பை அறியாத கல்லால் அந்தக் கைங்கர்யம் நிறைவேறாது.

அன்று முதல் பெருமாள் கோயில்களில் கர்ப்பக்ருஹ வாயிற்படிக்குக் குலசேகரன் படி என்று பெயர் வழங்குகிறது. அது இருக்கும் இடமும் கருதத்தக்கது. உள்ளே எம்பெருமான், வெளியே அடியார், நடுவே அந்தப் படி. உள்ளும் புறமும் அங்கே ஒன்றையொன்று நோக்கி நிற்கின்றன. உள்ளே இருப்பவன் வெளியே வரத் திருவுள்ளம் கொண்டவன். வெளியே நிற்பவர் உள்ளே அந்தர்யாமியாக அவனையே உடையவர். அவன் உள்ளும் புறமும் வியாபித்து நிற்கிறான் என்று நாராயணானுவாகம் ஓதுவதும் இதையே.

மலையிலிருந்து இறங்கி, சனிக்கிழமைக் கூட்டத்திலே வரிசையில் நின்று, திரை விலகிய சில நொடியிலே கண்ணைத் திறந்து பார்க்கும் தோட்டத் தொழிலாளி, கண்ணை மூடி உள்ளே தேடுபவருக்குக் கீழ்ப்பட்டவர் அல்லர். பறித்த காயை 'எனது' என்று கொள்ளாமல் தீர்த்தத்துக்கு ஒரு பிடி ஏலம் என்று ஒதுக்கி வைத்தபோது, பராக்கான பொருள் அவருக்கும் உரியவனுக்கே ஆயிற்று. பார்க்கும்போது 'நான் உனக்கு' என்று ஒரு கணம் நினைந்தாராகில், ப்ரத்யக்கும் உரியவனுக்கே ஆயிற்று. மூடிய கண்ணும் திறந்த கண்ணும் நோக்குவது எவனை என்பதே பொருட்டு. அவனை மறந்த உள்நோக்கும் பராக்கே என்று சொல்லத்தகும். அவனைக் கண்ட புறநோக்கு ஆத்மாவின் ஸ்வரூபத்துக்குச் சேர்ந்ததேயாகும்.